போர்ட்டுன்னா இன்னான்னு என்கிட்ட கேளு!

வாடா பேராண்டி. ரெண்டு நாளா கதவைச் சாத்திக்கினு கீறியே, பொட்டிக்குப் பிரசவம் பாக்குறியான்னு உன் ஆயா கேக்குறா.

ரிச்சி ஸ்ட்ரீட்ல பார்ட் பார்ட்டா வாங்கியாந்து நீயே மாட்டுன பொட்டி. விண்டோஸைப் போட்டிருந்தா சமத்தா ஓடியிருக்கும். நீ மேக் ஓஎஸ்ஸை ஏத்துனே. தன் மிஷினைத் தவிர வேற எதுலயும் போடாதேன்னு ஆப்பிள்காரன் எழுதியே வெச்சிருக்கான். நீதான் எதையும் படிக்காம ‘ஒத்துக்குறேன்’னு அமுக்குற பரம்பரையாச்சே! பொண்ணே தரமாட்டேன்னவன் வூட்ல போய் சீர் கேக்குறே. இதுக்கு ஹாக்கின்டாஷ்னு பேரு வேற. பேரு வெச்சியே, சோறு வெச்சியா?

இப்போ பென் டிரைவ் தெரியல, மவுஸ் செத்துப்போச்சுன்னு மூஞ்சைத் தொங்கப் போட்டுக்கினு கீறே. ‘ஓட்டை பத்துதான் தாத்தா, மேக் 15 வரைக்கும் ஒத்துக்குமே’ன்றே. டேய், துறைமுகத்துல மூட்டை தூக்குனவன் நான். போர்ட்டுன்னா இன்னான்னு என்கிட்ட கேளு.

கண்ணுக்குத் தெரியிற ஓட்டை வேற, கணக்குல ஏறுற போர்ட்டு வேற. நீல நாக்கு நீட்டிக்கினு கீதே யுஎஸ்பி 3.0, அது ஒரே வாசல், ரெண்டு குடித்தனம். பழைய 2.0 சாமானுக்கு ஒரு வழி, வேகமான சாமானுக்கு ஒரு வழி. ரெண்டையும் தனித்தனியாத்தான் எண்ணுவான். உள்ளே குந்திக்கினு கீற ப்ளூடூத்தும் ஒரு ஆளு. கூட்டிப் பாரு, தெரியும் சேதி. ஒரு கன்ட்ரோலருக்கு 15தான். பதினாறாவது கப்பல் எண்ணூர் கடல்ல நங்கூரம் போட்டு நிக்கவேண்டியதுதான்.

மேக்கைக் கெளப்பிவிடுற ஓப்பன்கோர்ல ஒரு சுவிச்சைத் தட்டுனா எல்லை எடுபடும்னு எவனாவது சொல்லுவான். 2021ல மேக் ஓஎஸ் 11.3 வந்தப்பவே அந்தப் பாம்புக்குப் பல்லு போச்சு.

வழி சொல்றேன், கேளு. ரெண்டு பென் டிரைவ் எடு. ஒண்ணு கெழம், 2.0. ஒண்ணு எளசு, 3.0. ஒவ்வொரு ஓட்டையிலயும் ரெண்டையும் சொருகு. ஹெச்எஸ்னு பேரு முழிச்சா கெழத்தோட வழி, எஸ்எஸ்னா எளசோட வழி. விண்டோஸ்ல யுஎஸ்பி டூல்பாக்ஸைத் தொறந்தா அதுவே காட்டும். பேப்பர்ல எழுது, மனசுல எழுதாதே. அப்பறம் வேண்டாததை வெட்டு. கீபோர்டு சொருகுற ஓட்டைக்கு வேகம் எதுக்கு? நீ அடிக்கிற வேகத்துக்கு மாட்டு வண்டி போதும். ப்ளூடூத் போர்ட்டோட வகைக்கு 255ன்னு போடு, உள்வூட்டு ஆளுன்னு அர்த்தம். தப்பாப் போட்டே, தூங்க வெச்ச பொட்டி சட்டுனு எழுந்து குந்திக்கும், உன் ஆயா மாதிரி.

இன்னொண்ணு. 2020லயே ஆப்பிள்காரன் சொந்த சிப்புக்கு மாற ஆரம்பிச்சிட்டான். இன்டெல் பொட்டிக்கு மேக் ஓஎஸ் டாஹோ 26தான் கடைசின்னு 2025 ஜூன்ல சொல்லிப்புட்டான். நீ ஏறுன வண்டிக்குக் கும்மிடிப்பூண்டியோட சரி. மீஞ்சூர்ல ஏறிக்கினு ஜன்னல் சீட்டுக்கு சண்டை போடுறே. போடு, வயசு அப்படி. காலேஜ் பாடத்தை மட்டும் வேற பொட்டியில ஒரு காப்பி வெச்சுக்கோ.

கெழ பென் டிரைவுக்கு எங்க போவே? தோ, என்னுது. எம்ஜிஆர் பாட்டு முழுக்க அதுல கீது. ஒரு பாட்டு கொறஞ்சிச்சு, மவனே, உன் 15 போர்ட்டையும் சிமெண்டு வெச்சுப் பூசிடுவேன்.