பூர்ஷ்வாப் பட்டாணி

ஞாயிறு காலை கொட்டாஞ்சேனை சாந்த லூசியா பேராலயத்தின் மணி ஓய்ந்த பிறகுதான் எங்கள் வகுப்பு தொடங்கும். அவர்களுக்குப் பூசை, எங்களுக்கு வகுப்பு. இரண்டிலும் முழங்கால் வலிக்கும். 1972ஆம் ஆண்டு. ஜம்பட்டா வீதிப் பக்கம் ஒரு மாடி அறை, ஒரு பாய், ஆறு பேர், ஒரு தோழர். எந்தக் கட்சி என்று கேட்காதீர்கள். கொழும்பில் அப்போது மார்க்சியக் கட்சிகளுக்குப் பஞ்சமில்லை. அவற்றில் ஒன்று என்று வைத்துக்கொள்ளுங்கள். முந்திய வருடம் வகுப்புகளில் ஆள்சேர்த்து எழுந்த ஏப்ரல் கிளர்ச்சி நடந்து முடிந்திருந்ததால் ‘வகுப்பு’ என்ற சொல்லைக் கேட்டாலே அயலவர்களுக்கு நடுக்கம். அதனால் வெளியில் டியூசன் என்று சொல்லிக்கொண்டோம்.

தோழர் துறைமுகத்தில் கிளாக்கர். நான் ஒரு கந்தோரில் அதைவிடச் சின்னக் கிளாக்கர். ஆறு பேரில் ஆய்வுகூடத்துக்குள் கால் வைத்தவன் ஒருவன்தான், அவனும் உயர்தர வகுப்பு மாணவன். ஆனாலும் மணித்தியாலத்துக்கு முப்பது தடவை ‘விஞ்ஞானம்’ வந்துபோகும். விஞ்ஞான சோசலிசம், விஞ்ஞான நோக்கு, விஞ்ஞானபூர்வமாகச் சொன்னால். யாராவது தவறாகப் பேசினால், “தம்பி, இது விஞ்ஞானபூர்வமில்லை” என்பார் தோழர். அதற்கு மேல் வாயைத் திறக்க ஆளில்லை. ஊரில் ஐயர் ‘சாஸ்திரத்தில் இல்லை’ என்று சொன்னால் எப்படி அடங்குவோமோ, அப்படி.

எங்களிடம் ஓர் ஆய்வுகூடச் சாதனமும் இருந்தது: பிளேன்டீ கேத்தல். அளவு மாற்றம் பண்பு மாற்றமாவதைத் தோழர் அதை வைத்துத்தான் விளக்குவார். தண்ணீர் சூடேறிக்கொண்டே போய் 100 பாகையில் ஒரே பாய்ச்சலில் ஆவியாகிறது அல்லவா, புரட்சியும் அப்படித்தான். ஹெகலிடமிருந்து ஏங்கெல்ஸ் எடுத்துக்கொண்ட உதாரணம். எங்கள் மண்ணெண்ணெய் அடுப்பின் திரி கருகிக் கிடந்ததால் புரட்சி வர இருபத்தைந்து நிமிடம் பிடிக்கும். “இப்ப பாயும், இப்ப பாயும்” என்று தோழர் கேத்தல் மூக்கைப் பார்த்துக்கொண்டிருப்பார்.

இன்னொரு கதையும் சொல்வார். மார்க்ஸ் தன் ‘மூலதனம்’ நூலை டார்வினுக்குச் சமர்ப்பணம் செய்ய விரும்பினார். டார்வின் தன் குடும்பத்தாரின் மதஉணர்வை எண்ணி மறுத்துவிட்டார். அதைக் கேட்கும்போது எங்களுக்கு மயிர்க்கூச்செறியும். 1883இல் மார்க்சின் கல்லறையருகே ஏங்கெல்ஸ் இருவரையும் ஒரே மூச்சில் ஒப்பிட்டாரே, அவர் இயற்கைக்கு, இவர் வரலாற்றுக்கு என்று. பிறகென்ன சந்தேகம்?

சந்தேகம் அந்த உயர்தர வகுப்புக்காரனிடமிருந்து வந்தது.

“தோழர், எங்கடை தாவரவியல் மாஸ்டர் மெண்டலைப் படிப்பிச்சவர். நெட்டைப் பட்டாணி, குட்டைப் பட்டாணி, மூண்டுக்கு ஒண்டு எண்டு கணக்கு வருது. நீங்கள் பரம்பரை எண்டு ஒண்டில்லை எண்டுறியள்...”

தோழர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

“அது பூர்ஷ்வாப் பட்டாணி, தம்பி.”

அன்றிலிருந்து அவன் பெயர் பட்டாணி.

தோழரின் ஆதாரம் ஒரு தடித்த ஆங்கிலப் புத்தகம், 1949இல் மாஸ்கோவில் அச்சானது. 1948 யூலைக் கடைசியில் சோவியத் விவசாய விஞ்ஞானக் கழகம் கூடியபோது லைசென்கோ ஆற்றிய உரையும் அதைத் தொடர்ந்த விவாதமும் அதிலே. மரபணு என்பது முதலாளித்துவக் கட்டுக்கதை, சூழலை மாற்றினால் கோதுமையின் இயல்பு மாறும், மாறியது பிள்ளைக்கும் போகும் என்பது அந்த உரையின் சாரம். உரையை ஸ்டாலினே கைப்படத் திருத்தியிருந்தார் என்பதும், உலகமெல்லாம் விதை சேகரித்த வவிலோவ் 1940இல் கைதாகி 1943இல் சராத்தோவ் சிறையில் செத்தார் என்பதும் அந்தப் புத்தகத்தில் இல்லாத விஷயங்கள். அதைவிட வேடிக்கை, 1965இலேயே லைசென்கோவை மாஸ்கோவில் பதவியிலிருந்து இறக்கியாயிற்று. அங்கே கழற்றிய படம் கொட்டாஞ்சேனைச் சுவரில் ஏழு வருடம் கழித்தும் தொங்கிக்கொண்டிருந்தது. தோழரின் அலுமாரியில் ஏங்கெல்சின் ‘இயற்கையின் இயங்கியல்’ ஆங்கிலப் பதிப்பும் இருந்தது, ஹால்டேன் முன்னுரையோடு. அந்த ஹால்டேன் லைசென்கோ விவகாரத்தில் கட்சியோடு கசந்து விலகி, 1957இல் இந்தியாவுக்கு வந்து, 1964இல் புவனேஸ்வரத்தில் கண்ணை மூடியவர். எங்களுக்கு அவர் முன்னுரையோடு நின்றுவிட்டார்.

இப்போது சிரிப்பது சுலபம். ஆனால் அன்று பட்டாணியைத் தவிர மற்ற ஐவரும் லைசென்கோவை ஏன் அப்படி நம்பினோம் என்று யோசித்தால் சிரிப்பு நின்றுவிடுகிறது. நாங்கள் யாழ்ப்பாணத்துப் பொடியன்கள். 1966 ஒக்டோபர் 21 தீண்டாமை எதிர்ப்பு ஊர்வலம், 1968இல் ஆலயப் பிரவேசத்துக்காகப் போராடிய மாவிட்டபுரம் கோயில் வாசல் எல்லாம் பார்த்தும் கேட்டும் வந்தவர்கள். இன்னாருக்குப் பிறந்தவன் இந்தக் கிணற்றில் அள்ளக்கூடாது என்ற ஊரிலிருந்து வந்தவனிடம், பிறப்பில் ஒன்றுமில்லை, அதை விஞ்ஞானமே நிரூபித்துவிட்டது என்று யாராவது சொன்னால், கோதுமை வேறு சாதி வேறு என்று பிரித்துப் பார்க்க மனம் வருமா? நாங்கள் நம்பியது லைசென்கோவின் கோதுமையை அல்ல. எங்கள் ஊர்க் கிணற்றைப் பற்றிய ஓர் ஆசையை.

அதே நாட்களில்தான் தரப்படுத்தல் வந்தது. 1971 பல்கலைக்கழக அனுமதிக்கு, மருத்துவத்துக்குள் போகத் தமிழ்மொழி மூலம் எழுதியவனுக்கு 400க்கு 250 புள்ளி வேண்டும், சிங்களமொழி மூலம் எழுதியவனுக்கு 229 போதும். பொறியியலுக்கு 250, 227. பௌதிகவியல் ஒன்று, வினா ஒன்று, புவியீர்ப்பு இரண்டு மொழியிலும் ஒன்று. புள்ளி மட்டும் வேறு. பிறகு மாவட்டக் கோட்டாவும் சேர்ந்துகொண்டது. பிறந்த இடமும் பேசும் மொழியும் ஒருவனின் விதியைக் கணிப்பதென்றால், அதுவும் ஒருவகைச் சாதகம்தானே. விஞ்ஞான சோசலிசம் பேசிய கட்சிகள் அப்போது எதிர்க்கட்சியில் இல்லை, அமைச்சரவையில் இருந்தன. பட்டாணி இதையும் வகுப்பில் கேட்டான். தோழர் வெகுநேரம் பேசாமலிருந்துவிட்டு, “இது இரண்டாம்நிலை முரண்பாடு” என்றார். முதன்முறையாக ‘விஞ்ஞானபூர்வமாக’ என்ற சொல்லைச் சேர்க்காமல் சொன்னார். அதை மட்டும் கவனித்தேன்.

எங்கள் போர்டிங்கில் சமைத்த அக்கா கேகாலைப் பக்கத்துத் தோட்டத்தில் பிறந்தவர். அவருக்கு மார்க்சும் தெரியாது, மெண்டலும் தெரியாது. ஆனால் மார்க்சியவாதிகள் இலங்கையில் விஞ்ஞானத்தைக் கையில் எடுத்த ஒரு சந்தர்ப்பத்தை நேரில் கண்டவர் அவர் ஒருவர்தான். 1934, மலேரியா வருடம். அந்த வருடம் தென்மேல் பருவமழை பொய்த்தது. களனி, மகா ஓயா, தெதுறு ஓயா எல்லாம் ஓட்டம் நின்று மணலில் குட்டை குட்டையாகத் தேங்கின. அசையாத தெளிந்த நீர்தான் மலேரியா நுளம்புக்குப் பிள்ளைப்பேற்று அறை. வறண்ட பிரதேசத்தானுக்கு நோய் பழகிப்போயிருந்தது. ஈரவலயத்தானின் உடம்பில் எதிர்ப்புச் சக்தி கிடையாது. உலகப் பொருளாதார மந்தத்தில் வயிறும் காய்ந்திருந்தது. சில மாதங்களுக்குள் 80,000 பேருக்கு மேல் போய்ச் சேர்ந்தார்கள்.

இடதுசாரிகளின் சூரியமல் இயக்கத்து இளைஞர்கள் அப்போது ஊர்களுக்குள் இறங்கினார்கள். அவர்களோடு போன வைத்தியர் எஸ். ஏ. விக்ரமசிங்க, கொல்வது காய்ச்சல் மட்டுமல்ல, பட்டினியும்தான் என்று கண்டார். கொயினாவோடு பருப்பும், அரிசியும், மார்மைட்டும் போயின. அந்த இளைஞர்களில் ஒருவரான என். எம். பெரேராவுக்கு அந்தப் பக்கங்களில் ‘பரிப்பு மாத்தையா’ என்றே பெயர் விழுந்தது.

“கொயினா கசக்கும் தம்பி, குடிச்சா காது அடைச்சுக்கும். என் தங்கச்சி ரெண்டும் கொயினா குடிச்சும் போயிருச்சு. பரிப்பு வந்தப்புறம் நான் எழும்பி உக்காந்தேன்” என்பார் அக்கா.

1935 டிசம்பர் 18ஆம் திகதி இவர்களின் லங்கா சமசமாஜக் கட்சி பிறந்தது. மறுவருடம் கேகாலை மாவட்டத்து ருவான்வெல்ல என். எம். பெரேராவை அரசாங்க சபைக்கு அனுப்பியது. அவர் எழுதிய ஆராய்ச்சி நூல்களை அங்கே யார் வாசித்தார்கள்? லண்டனில் விஞ்ஞானக் கலாநிதிப் பட்டம் பெற்றவருக்கு வாக்குப் போட்டது பருப்பு.

1972இல் அதே மாத்தையா நிதி அமைச்சர். அந்நியச் செலாவணி இல்லை, இறக்குமதி இல்லை, கடையில் பருப்பும் இல்லை. அக்கா அவரை ஒரு சொல் குறை சொல்லமாட்டார். “அவரு என்ன செய்வாரு, பாவம். அப்ப மூட்டைய தோள்ல தூக்கிட்டு வந்தாரு. இப்ப டொலர்ல வரணுமாமே” என்று சொல்லி மரவள்ளிக்கிழங்கை உரிப்பார். இந்த மலேரியாக் கதை எங்கள் வகுப்பில் ஒருநாளும் வரவில்லை. பாடத்திட்டத்தில் மாஸ்கோ இருந்தது, பாரிஸ் கொம்யூன் இருந்தது. கேகாலை இல்லை.

விஞ்ஞானத்தை நிஜமாகவே சோதித்துப் பார்த்துக்கொண்டிருந்த மனிதர் ஒருவர் வெள்ளவத்தைப் பக்கம் பாமன்கடை ஒழுங்கையில் குடியிருந்தார். ஏப்ரகாம் கோவூர், திருவல்லாக்காரர், யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியிலும் கொழும்பு தேர்ஸ்டன் கல்லூரியிலும் தாவரவியல் படிப்பித்தவர். மோசடிக்கு இடமில்லாத நிபந்தனைகளின் கீழ் தெய்வீக சக்தியை நிரூபித்துக் காட்டினால் ஒரு லட்சம் ரூபா என்று 1963இல் சவால் விட்டவர். அவரைப் பார்க்கப் பட்டாணியும் நானும் ஒரு ஞாயிறு பின்னேரம் பஸ் ஏறினோம். தோழருக்குத் தெரிந்தால் தொலைந்தோம். அவர் அகராதியில் கோவூர் ‘இயந்திரப் பொருள்முதல்வாதி’. பேய் இருக்கிறதா என்று பார்க்கிறாரே ஒழிய, பேய் ஏன் ஏழையின் வீட்டுக்கே வருகிறது என்று கேட்கவில்லையாம். இந்த ஒரு வாதத்தில் தோழர் பக்கம் நியாயம் இருந்தது என்று இன்றும் நினைக்கிறேன். ஆனால் தோழர் தன் கேள்வியைக் கேட்டுவிட்டு எந்தப் பேய்வீட்டுக்கும் போகவில்லை. கோவூர் போனார். நாங்கள்? கேற்றடியில் நின்றோம். உள்ளே விளக்கு எரிந்தது. யார் மணியை அடிப்பது என்று பத்து நிமிடம் விவாதித்துவிட்டு, மணியடிக்காமலே திரும்பி வந்தோம். 1978இல் அவர் இறந்தபோது கண்ணை வங்கிக்கும் உடலை மருத்துவ மாணவருக்கும் எழுதி வைத்திருந்தது பேப்பரில் வந்தது.

பட்டாணி மருத்துவத்துக்குப் போகவில்லை. புலமைப்பரிசில் கிடைத்துச் சோவியத்துக்கு விவசாயம் படிக்கப் போனான். 1975இல் கடிதம் வந்தது: “தோழருக்குச் சொல்லாதை. இஞ்சை மெண்டலைத்தான் படிப்பிக்கினம். லெனின்கிராட்டிலை வவிலோவின்ரை பெயரிலை நிறுவனமே இருக்கு. யுத்த முற்றுகைக்குள்ளை விதைநெல்லைத் தின்னாமல் பட்டினி கிடந்து செத்த ஆக்களாம்.” நான் தோழருக்குச் சொல்லவில்லை. அவர் அலுமாரியை 1983 யூலைக் கலவரத்தில் வந்தவர்கள் மதம், விஞ்ஞானம், பூர்ஷ்வா, பாட்டாளி என்று பிரிக்காமல் மொத்தமாக எரித்தார்கள். அந்த மாதக் கடைசியில் இடதுசாரிக் கட்சிகள் சிலவற்றையும் அரசாங்கம் தடைசெய்தது.

இப்போது நான் வெள்ளவத்தைக்காரன். மாலையில் ஹவ்லொக் வீதிப் பக்கம் நடக்கப் போவேன். அங்கே ஹவ்லொக் சிட்டி என்று வானத்தைக் குத்திக்கொண்டு நிற்கிற அடுக்குமாடிகள் இருக்கும் நிலம் முன்பு வெள்ளவத்தை நூல் ஆலையினுடையது. 1933 வேலைநிறுத்தத்தில் வாலிபர் சங்கத்தாரோடு, பின்னாளில் சமசமாஜத் தலைவரான கொல்வின் ஆர். டி. சில்வா தொழிலாளருக்குத் தலைமை கொடுத்த ஆலை. அந்தக் கட்டடங்களில் ஒன்றில் தோழரின் மகன் வீடு வாங்கினான். குடிபுகல் அழைப்பிதழில் சுபநேரம் நிமிடக் கணக்கில் போட்டிருந்தது. போனேன். ஐயர், ஓமம், மின்சார அடுப்பில் புதுப் பானை. புகை போனால் மணி அடிக்கும் என்பதால் விறகுக்கு அனுமதியில்லை. எண்பது கடந்த தோழரைச் சக்கர நாற்காலியில் கொண்டுவந்து பானைக்கு முன்னால் விட்டார்கள். நேரம் தப்பிவிடப் போகிறதே என்று எல்லாரும் மணிக்கூட்டைப் பார்த்துக்கொண்டிருக்க, அவர் மட்டும் பானையைப் பார்த்துக்கொண்டிருந்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். என் கையைப் பிடித்து மெதுவாக, “இப்ப பாயும்” என்றார்.

பொங்கியது. கிழக்குப் பக்கமாகத்தான் பொங்கியதாம், எல்லாருக்கும் சந்தோஷம்.

டார்வின் கதையும் பிழை என்று பின்னால் தெரியவந்தது. 1880இல் டார்வின் மறுத்து எழுதிய கடிதம் மார்க்சுக்கே அல்ல. பிற்காலத்தில் மார்க்சின் மகள் எலினரோடு வாழ்ந்த அவெலிங்குக்கு, அவருடைய சொந்தப் புத்தகம் பற்றி. மார்க்சின் கடிதங்களோடு கலந்துபோய்க் கிடந்ததால் வந்த வினை. 1970களில், நாங்கள் பாயில் இருந்து மயிர்க்கூச்செறிந்துகொண்டிருந்த அதே காலத்தில், ஆய்வாளர்கள் அதை அவிழ்த்தார்கள். உண்மையில் நடந்தது ஒன்றுதான். 1873இல் மார்க்ஸ் கையெழுத்திட்டு மூலதனத்தின் ஒரு பிரதியை அனுப்பினார், டார்வின் மரியாதையாக நன்றி எழுதினார். அக்காலத்துப் புத்தகங்களில் தாள்கள் ஒட்டியிருக்கும், வாசிப்பவர் கத்தியால் வெட்டிக்கொண்டு போகவேண்டும். டார்வினின் பிரதியில் 822 பக்கத்தில் 105 வரைதான் வெட்டியிருக்கிறது.

போன கிழமை மனைவி குசினியிலிருந்து கூப்பிட்டாள்.

“இஞ்சருங்கோ, பேத்தியின்ரை குறிப்பு எங்கை? சாத்திரியார் பொருத்தம் பார்க்க வாட்ஸ்அப்பிலை படம் அனுப்பட்டாம்.”

எங்கே என்று எனக்குத் தெரியும். கசங்காமல் இருக்கட்டும் என்று வீட்டிலேயே பாரமான புத்தகத்துக்குள்தான் வைத்திருந்தேன். தியாகு மொழிபெயர்த்த மூலதனம், முதல் பாகம். கையில் எடுத்ததும் புத்தகம் பழகிய இடத்தில் தானாகவே திறந்தது. குறிப்பை எடுத்துக் கொடுத்துவிட்டுப் பக்க எண்ணைப் பார்த்தேன்.

டார்வின் என்னைவிடக் கூடத்தான் வாசித்திருக்கிறார்.