வளிசுழற் கோல்: ஓமலூர் வட்டார ஆயுதவியலில் விடுபட்ட ஓர் இயல்

முன்னுரை

ஆய்வுக்கோவையில் கட்டுரை வர வேண்டுமானால் முதலில் பணம் கட்ட வேண்டும், அப்புறம் தலைப்பு, ஆய்வு கடைசி. முதல் இரண்டும் போன வாரமே முடிந்துவிட்டன.

இந்த ஆய்வுக்கு வித்திட்டவன் என் அக்கா மகன். செல்போன் விளையாட்டில் அவனுடைய வீரன் ஆளுயரத் தடி ஒன்றைப் பிடித்திருந்தான். தடியின் முனையில் சக்கரம். காற்றடித்தால் சக்கரம் சுற்றும், சுற்றினால் எதிரிகள் பறப்பார்கள். "மாமா, இது மாதிரி நெசமாவே இருந்துச்சா?" என்றான். "நம்ம ஊர்லயே இருந்துச்சு" என்று சொல்லிவிட்டேன். முடிவை முதலில் அறிவித்துவிட்டுச் சான்றைப் பிறகு தேடுவது நம் ஆய்வுலகில் பழக்கமானதுதான் என்பதால் எனக்குக் கூச்சமில்லை.

சான்று கிடைத்துவிட்டது. பனையோலைக் காத்தாடி.

இயல் 1: பெயர்

சென்னையில் காத்தாடி என்றால் பட்டம். ஓமலூரில் "காத்தாடியப் போடு" என்றால் மின்விசிறி. காட்டுப் பக்கம் பையன்களிடம் கேட்டால் குச்சியில் சுற்றும் ஓலை. ஒரே சொல் பறக்கிறது, தொங்குகிறது, ஓடுகிறது.

காற்றில் ஆடுவதால் காற்றாடி என்பது எல்லாருக்கும் தெரிந்த விளக்கம். எல்லாருக்கும் தெரிந்ததை ஆய்வாகக் கொள்ள முடியாது. எனவே, ஆடி மாதக் காற்றில் சுற்றுவதால் 'காற்று ஆடி' என்பேன். ஆடிக் காற்றில் அம்மியும் பறக்கும் என்ற பழமொழி இதற்கு அரண். எங்கள் வீட்டு அம்மி எந்த ஆடியிலும் நகரவில்லை என்ற மறுப்பு வரலாம். அது அம்மியின் குறை.

இயல் 2: உறுப்புகள்

கோல்: காய்ந்த சோளத்தட்டு. உள்ளே நெட்டி இருப்பதால் முள் எளிதில் இறங்கும்.

இறக்கை: ஈர்க்கு நீக்கிய பச்சைப் பனையோலை, சாண் நீளம், விரல் அகலம். இரண்டு முனையையும் எதிரெதிராகச் சாய்த்து முறுக்க வேண்டும். ஒரே பக்கம் சாய்த்தால் ஒன்று தள்ளுவதை மற்றது தடுக்கும். ஓலை சும்மா நடுங்கும்.

முள்: இங்கேதான் வாசகர் நிமிர்ந்து உட்கார வேண்டும். இறக்கையைக் கோலில் கோப்பது வேலாமுள். இந்தச் சொல்லுக்குள் வேல் இருக்கிறது. இதற்கு மேலும் இதைப் பொம்மை என்பவரோடு எனக்குப் பேச்சில்லை. வேல் இருப்பதால் முருகனுக்கும், முருகன் இருப்பதால் குறிஞ்சிக்கும், குறிஞ்சி இருப்பதால் ஓமலூரிலிருந்து கண்ணுக்குத் தெரியும் சேர்வராயன் மலைக்கும், அந்த மலையில் பிறந்து வரும் சரபங்கா ஆற்றுக்கும், அந்த ஆற்றங்கரையில் நிற்கும் பனைக்கும், பனையில் இருக்கும் ஓலைக்கும் இந்த ஆயுதம் உறவாகிறது. புறப்பட்ட இடத்துக்கே வந்து சேர்ந்துவிட்டேன். சுழற்சி நிறுவப்பட்டது.

ஓலையில் துளை முள்ளைவிடச் சற்றுப் பெரிதாகவும், தட்டில் இறுக்கமாகவும் இருக்க வேண்டும் (எங்கள் அம்மாயி, திண்ணை உரை). மாற்றிச் செய்தால் ஓலையோடு முள்ளும் சேர்ந்து சுற்றிக் கழன்றுவிடும் (அம்மாயி, திண்ணை உரை, முதல் வெற்றிலை).

இயல் 3: இலக்கியச் சான்று

சிலப்பதிகாரத்தின் அடைக்கலக் காதை மதுரைக் கோட்டையின் போர்ப் பொறிகளை வரிசையாகச் சொல்கிறது. தானே எய்யும் வில் உண்டு, கல்லெறியும் கவண் உண்டு. காத்தாடி இல்லை. இல்லாததே சான்று: பரம ரகசியமான ஆயுதத்தை இளங்கோவடிகள் வெளியில் சொல்வாரா?

கரிகாலனின் முன்னோன் ஒருவன் காற்றை வேலைவாங்கிக் கடலில் கலம் ஓட்டியதை வெண்ணிக்குயத்தியார் புறநானூற்றில் பாடியிருக்கிறார். கலம் ஓட்டத் தெரிந்தவனுக்கு ஓலை சுற்றத் தெரியாதா?

புறநானூற்றின் 95ஆம் பாட்டு நம் வட்டாரச் சொத்து. தகடூர் அதியமானுக்காகத் தொண்டைமானிடம் தூது போன ஔவையார், அங்கே பீலி சூட்டி நெய் பூசி வைத்த புத்தம்புது ஆயுதங்களைப் பார்த்துவிட்டு, எங்கள் அரசனின் வேல்களோ நுனி முறிந்து கொல்லன் பட்டறையில் கிடக்கின்றன என்கிறார். தகடூர் இன்றைய தருமபுரி, எங்களுக்கு அடுத்த மாவட்டம். மாரியம்மன் பண்டிகைக் கடையில் வரிசையாகக் குத்தி வைத்திருக்கும் வண்ணப் பிளாஸ்டிக் காத்தாடி தொண்டைமான் கட்சி. ஓலை கிழிந்து முள் வளைந்து திண்ணையடியில் கிடப்பது அதியமான் கட்சி. இந்த உவமை ஔவையாருக்குத் தோன்றாமல் போனது வியப்பே.

இயல் 4: எதிரிகள்

இல்லை.

இயல் 5: உயிர்ச்சேதம்

செய்தவனின் கட்டைவிரல்.

இயல் 6: ஆற்றல் மூலம்

காத்தாடியைச் சுற்றுவது காற்றா, பையனா? ஆடியில் கோலை நட்டு வைத்தாலே போதும், காற்றுதான். பங்குனி வெயிலில் பனை மட்டையே அசையாதபோது பையன் ஓடினால்தான் சுற்றும். அப்படியானால் பையன் காற்றாகிறான். ஆயுதத்தை இயக்கும் காற்று, ஆயுதம் ஏந்திய வீரனே. இந்த நுட்பம் முப்பந்தல் காற்றாலைகளில் இல்லை: அங்கே கோபுர உயரத்துக்கு நிறுத்தியிருப்பதும் இதே கோல்தான், ஆனால் காற்று நின்றால் அதைத் தூக்கிக்கொண்டு ஓட ஆளில்லை.

ஒரு நுண்ணிய ஐயம். பையன் ஓடுவதால் காத்தாடி சுற்றுகிறதா, காத்தாடி சுற்றுவதைப் பார்ப்பதற்காகப் பையன் ஓடுகிறானா? பின்னதே சரியென்றால், எரிபொருளை இழுத்துக்கொண்டு ஓடும் இயந்திரம் இது ஒன்றுதான். இதுகுறித்து இரு கருத்தரங்குகள் நடத்தலாம். ஒன்றைப் பன்னாட்டுக் கருத்தரங்கம் என்று போட்டுக்கொள்ளலாம். பெங்களூரிலிருந்து ஒருவர் காணொளியில் வந்தால் போதும்.

என் கொள்கையை மூத்த அறிஞர் முன் வைத்தேன். முழுதும் கேட்டார். "அட போ சாமி. காத்தடிச்சா சுத்தும். அடிக்கலீன்னா நீ ஓடு. இதுக்கு எதுக்குக் காயிதம்?" (அம்மாயி, திண்ணை உரை, இரண்டாம் வெற்றிலை, சுண்ணாம்பு கேட்டதற்கும் அது வந்து சேர்ந்ததற்கும் இடைப்பட்ட பகுதி, தெற்குத் தூண் பதிப்பு.)

மறுப்பு எழுத உட்கார்ந்தேன். அக்கா மகன் செல்போனை என் மடியில் போட்டுவிட்டுக் கோலைத் தூக்கிக்கொண்டு ரயில் ரோட்டுப் பக்கம் ஓடிவிட்டான். அவனைத் தொடர்ந்து எருமைக் கன்றும் ஓடியது. "கன்னு அவுத்துக்கிச்சு, அதப் புடிடா மொதல்ல" (அம்மாயி, மேற்படி, எழுந்து நின்ற பதிப்பு, உரை முற்றுப்பெறவில்லை).