சுயாதீன ஒளிப்பதிவாளர்: இலக்கணமும் உரையும்

சுயாதீனப் படத்தின் ஒளிப்பதிவாளர் எனப்படுபவர், வாடகைக்கு எடுக்க முடியாத விளக்குகளைக் கொண்டு ஒளியமைப்பவர். அவர்தம் தொழிலுக்கு விதி ஒன்றே: முதலில் ஏதேனும் ஒன்று இல்லாமற்போக வேண்டும், பின்னர் அவ்வின்மையே பாணி எனப் பெயர் பெறும்.

இதற்கு மூத்த சான்று சுப்ரதா மித்ரா. ழான் ரெனுவார் வங்காளத்தில் 'தி ரிவர்' எடுத்தபோது வேலை கேட்டுக் கிடைக்காமல், ஓரமாய் நின்று, எந்த விளக்கு எங்கே நிற்கிறது என்று படம் வரைந்து வைத்துக்கொண்டவர். சினிமா கேமராவைக் கையாண்டதில்லை. இத்தகுதி போதும் என்று கண்ட சத்யஜித் ராய் 'பதேர் பாஞ்சாலி'யை அவரிடம் ஒப்படைத்தார். 1952இல் தொடங்கிய படப்பிடிப்பு, காசு வந்தபோது நடந்து, தீர்ந்தபோது நின்று, 1955இல் திரைக்கு வந்தது. கடைசியில் கைகொடுத்த மேற்கு வங்க அரசு, அந்தப் பணத்தைச் சாலை மேம்பாட்டுக் கணக்கில் எழுதியதாகச் சொல்வர். அரசு போட்ட சாலைகளில் இன்றுவரை குழி விழாதது அது ஒன்றே.

அடுத்தது 'அபராஜிதோ' (1956). காசி வீட்டின் முற்றத்தைக் கல்கத்தா ஸ்டுடியோவுக்குள் செட் போட்டார்கள். வீடு வந்தது, வானம் வரவில்லை. நேரே விளக்கடித்தால் ஆளுக்கு நாலு நிழல் விழும். முற்றத்து வெளிச்சத்துக்கோ அந்தப் பழக்கம் கிடையாது. மித்ரா செட்டின் தலைக்குமேல் வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, கீழிருந்து அதன்மேல் விளக்கடித்து, திரும்பி விழுந்த வெளிச்சத்தில் படமெடுத்தார். நம்மூர் ஷூட்டிங்கில் லைட்மேன் தூக்கிப் பிடிக்கும் தெர்மாகோல், அத்துணிக்குப் பேரன் முறை. ஃபிரிட்ஜோடு வந்த தெர்மாகோலைத் தூக்கிப் போடாத வீட்டில் ஓர் ஒளிப்பதிவாளர் குடியிருக்கிறார் என்று கொள்க.

இனிக் கருவியியல். டிராலி இல்லாவிடத்துச் சக்கர நாற்காலி கொள்ளப்படும். 'பிரெத்லெஸ்' (1960) படத்துக்காக ரவுல் குதார் அதில் உட்கார்ந்து கேமரா பிடிக்க, இயக்குநர் கோதார் தள்ளினார். இரவுக் காட்சிகளுக்கு வேகமான ஃபிலிம் வேண்டியிருந்தது. அது ஸ்டில் கேமராவுக்கு மட்டுமே கிடைத்தது. எனவே பதினேழரை மீட்டர்ச் சுருள்களை ஒன்றோடொன்று ஒட்டி நீளமாக்கினார்கள். 1992இல் வெளிவந்த 'எல் மரியாச்சி'யைச் சுமார் 7,000 டாலரில், தாமே ஒளிப்பதிவும் செய்து எடுத்தவர் ராபர்ட் ரோட்ரிகஸ். பணம் திரட்ட மருந்துச் சோதனைக்குத் தம் உடலைக் கொடுத்தார். படப்பிடிப்பில் சக்கர நாற்காலியையும் பயன்படுத்தினார். இவ்விரண்டுக்கும் தொடர்பு கற்பிப்பது ஆய்வு நெறியன்று.

ஊதியவியல் சுருங்கியது. லைட்மேனுக்குப் பேட்டா அன்றன்றைக்கு. அவுட்டோர் யூனிட்டுக்கு முன்பணம். ஒளிப்பதிவாளருக்கு, படம் வியாபாரம் ஆனபின். மித்ராவுக்கே ஒளிப்பதிவுக்கான தேசிய விருது, முதல் படம் வெளிவந்து முப்பதாண்டு கழித்து, 'நியூ டெல்லி டைம்ஸ்' படத்துக்குத்தான் கிடைத்தது. ஆதலால், "படம் வித்ததும் பாத்துக்கலாம் சார்" என்னும் தயாரிப்பாளரைப் பொய்யர் எனல் பொருந்தாது. அவர் ஆண்டு குறிப்பிடவில்லை.