தொட்டிக்குள் ஒரு பாதுகாப்பு

ஒரே நாளில் 100 கிலோமீட்டருக்கு மேலும் நீந்தவல்ல ஓர்க்கா, அதாவது டால்பின் குடும்பத்திலேயே மிகப் பெரியதான கொலைத் திமிங்கிலம், 20 அடி ஆழத் தொட்டியிலும் மனநிறைவோடு வாழும் என்பது கடல்விலங்குக் காட்சி வணிகம் உலகுக்கு வழங்கிய அறிவியல் கொடை எனலாம். 1970இல் அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலக் கடலோரத்தில் குட்டியாகப் பிடிபட்டு, மயாமி சீக்வேரியத்துக்கு விற்கப்பட்ட டோகிடே என்னும் பெண் ஓர்க்கா, லொலிட்டா என்ற மேடைப்பெயர் சூட்டப்பெற்று, ஏறத்தாழ 80 அடி நீளமும் 35 அடி அகலமும் கொண்ட தொட்டியில் அரை நூற்றாண்டுக்கு மேல் சகல வசதிகளோடும் வைக்கப்பட்டிருந்தது. அதனுடன் இருந்த ஹியூகோ என்ற ஆண் ஓர்க்கா, தொட்டிச் சுவரில் தலையை ஓயாமல் மோதிக்கொண்டிருந்து, 1980இல் மூளை இரத்தநாளக் கோளாற்றால் இறந்தது. வசதியின் அருமை அதற்குத் தெரியவில்லை போலும்! அழியும் நிலையிலுள்ள இனங்களைக் காக்கும் சட்டத்தின்படி கடலிலிருந்த உறவுகளுக்கு அளித்த பாதுகாப்பை 2015இல் அமெரிக்க அரசு டோகிடேக்கும் நீட்டித்தபோது, கோப்பில் அதன் தகுதி உயர்ந்ததே தவிர, தொட்டி ஓர் அங்குலமும் அகலவில்லை. பிறந்த கடலுக்கே அதைத் திருப்பி அனுப்பும் திட்டம் 2023 மார்ச்சில் அறிவிக்கப்பட்டது. ஆகஸ்டில் அது மயாமியிலேயே இறந்தது.