தாத்தாவுக்குப் புதுப் பாடம்

பஸ்ஸில் காசு வாங்க மறுக்கிறார்கள், கடையில் கியூஆர் என்கிறார்கள். அறுபதைத் தாண்டிய மண்டையில் இதெல்லாம் ஏறுமா?
– வாசகர், கிள்ளான்

பிரிக்பீல்ட்ஸ் பேட்டை நூறு வயதைத் தாண்டிய பிறகுதானே 2001-இல் கேஎல் சென்ட்ரல் ரயில் நிலையத்தையே ஏற்றுக்கொண்டது! 1881-இல் தீயும் வெள்ளமும் கோலாலம்பூரின் அத்தாப்பு வீடுகளை அழித்தன. ஊரைச் செங்கல்லால் கட்ட முடிவானதும் சூளை போட்ட இடம்தான் பிரிக்பீல்ட்ஸ். பிறகு ரயில்வே குடியிருப்பு, 2010-இல் லிட்டில் இந்தியா. பேட்டைக்கே இத்தனை தொழில் கைவந்தது. உங்களுக்கு ஓர் அட்டையைத் தட்ட வராதா? போனுக்கு வரும் ஓடிபி எண்ணை மட்டும் யார் கேட்டாலும் சொல்லாதீர்கள்.

பேரனிடம் போய்ப் பாடம் கேட்பது கௌரவக் குறைச்சல் இல்லையா?
– வாசகி, பிரிக்பீல்ட்ஸ்

மகன் முருகனிடம் கைகட்டி, வாய்பொத்திப் பாடம் கேட்ட சிவனுக்குக் கௌரவம் குறைந்ததா? சொல்லிக்கொடுத்த பிள்ளைக்குத்தான் 2006-இல் பத்துமலையில் 140 அடி உயரச் சிலை எழுப்பினோம்!

ஒன்று மட்டும். “குடுங்க பாட்டி, நானே செஞ்சிடறேன்” என்று பேரன் போனைப் பிடுங்கினால் விடாதீர்கள். அவன் சொல்லட்டும், உங்கள் விரல் அழுத்தட்டும். நீங்கள் போனைக் கற்பீர்கள், அவன் பொறுமையைக் கற்பான்.