பன்னிரண்டு குழியும் எட்டுப் பேரும்

அமெரிக்கச் சமையல் குறிப்புகளில் 'குடும்பத்துக்கு ஏற்றது' என்று ஒரு பட்டம் கொடுப்பார்கள். எந்தக் குடும்பத்துக்கு என்று மட்டும் போடமாட்டார்கள். டல்லாஸில் இருக்கும் என் நாத்தனார் அனுப்பிய குறிப்பும் அந்தப் பட்டத்தோடுதான் வந்து இறங்கியது. கொத்தின மாட்டுக்கறியை வெங்காயத்தோடு வதக்கி, இனிப்பும் புளிப்புமாக ஒரு சாஸ் ஊற்ற வேண்டும். மஃபின் தட்டின் குழிகளில் மாவை அழுத்தி, அதற்குள் கறியை நிரப்பி, மேலே சீஸ் தூவி ஓவனில் வைக்க வேண்டும். ஆளுக்கொரு கிண்ணம். கிண்ணத்தையும் சேர்த்தே தின்றுவிடலாம் என்பதால் பாத்திரம் கழுவுகிற வேலையும் மிச்சம். வார நாள் இரவு, அரை மணி நேரம், வேலை முடிந்தது.

அங்கே அந்த மாவைக்கூட யாரும் பிசைவதில்லை. அட்டைக் குழாயில் அடைத்துக் குளிர்பெட்டியில் வைத்து விற்கிறார்கள். மேடை விளிம்பில் ஒரு தட்டுத் தட்டினால் குழாய் டப்பென்று வெடித்துத் திறக்கும், உள்ளே வட்டவட்டமாக மாவு. 1930களிலிருந்து நடக்கிற கூத்து இது. மதுரையில் அந்தக் குழாய்க்கு நான் எங்கே போக?

"பிரெட்டை வச்சே செய்யலாம் மதினி. பிள்ளைங்க தட்டையே காலி பண்ணிரும்" என்றாள் நாத்தனார். மாட்டுக்குப் பதில் ஆடு, மாவுக்குப் பதில் பிரெட் என்று இரண்டு திருத்தங்களோடு தீர்மானம் நிறைவேறியது. தட்டு ஏற்கெனவே இருந்தது. போன லீவில் அவள் கொண்டுவந்து கொடுத்து, நாங்கள் பத்திரமாகப் பரணில் ஏற்றிவைத்தது. பன்னிரண்டு குழி.

'வார நாள்' என்ற இடத்திலேயே எங்கள் வீட்டில் வண்டி நின்றுவிட்டது. திங்கள், ஓரகத்திக்குச் சோமவாரம். செவ்வாய் முருகனுடையது. வியாழன் இவர் சாய்பாபா கோயிலுக்குப் போகிற நாள். வெள்ளியைப் பற்றிப் பேச்சே இல்லை. சனி பெருமாளுக்கு. மிஞ்சுவது புதன் ஒன்றுதான். அந்தப் புதனில் அமாவாசை, கிருத்திகை, சஷ்டி எதுவும் வந்து உட்காராமல் இருக்க வேண்டும். மாதம் புரட்டாசியாக இருக்கக் கூடாது. கொழுந்தன் மாலை போட்டிருக்கக் கூடாது. தினசரிக் காலண்டரைக் கிழிக்காமல் புரட்டிப் பார்த்துவிட்டு, எப்போதும் போல ஞாயிற்றுக்கிழமைக்கே வந்து சேர்ந்தோம்.

அதிலும் ஒரு வில்லங்கம். ஞாயிறு மத்தியானம் கறி என்பது சட்டம். ராத்திரி கறி தின்றால் செரிக்காது என்பது அத்தை கட்சி. ஆனால் மத்தியானம் வைத்த கறிக்குழம்பு ராத்திரி தோசைக்கு வந்தால் செரிக்கும். ஏனென்றால் அது கறி இல்லை, குழம்பு. இந்த நுணுக்கத்தை உயர்நீதிமன்றக் கிளையில் கொண்டுபோய் வாதாடினாலும் அத்தைதான் ஜெயிப்பார். ஆகவே அன்று மத்தியானம் வெறும் சாம்பார் என்றும், கறி ராத்திரிக்கு என்றும் அறிவித்தேன். வீடு முழுக்க ஒரு சந்தேகம் பரவியது.

பிரெட் பாக்கெட்டைப் பார்த்ததும் அத்தை கேட்ட கேள்வி, "யாருக்குக் காய்ச்சல்?"

அவர் தலைமுறைக்கு பிரெட் சாப்பாடு இல்லை. மாத்திரைக்கும் கஞ்சிக்கும் நடுவில் உள்ள ஒரு பொருள். பாலில் நனைத்துக் கொடுப்பது. பெரியாஸ்பத்திரியில் யாரையாவது பார்க்கப் போனால் ஒரு கையில் பிரெட், இன்னொரு கையில் சாத்துக்குடி. "நாயித்துக்கெழமையும் அதுவுமா, கறியைக் கொண்டுபோயி இதுக்குள்ள வைக்கணுமா?" என்றார்.

"பாய் வீட்டுக் கல்யாணத்துல பிரெட் அல்வாவை ரெண்டு தடவை கேட்டு வாங்குனீங்களே அத்தை?"

"அது அல்வா."

மாமா என் பக்கம் வந்தார். அரசாங்க வேலையில் இருந்து ஓய்வு பெற்றவர். எந்த விஷயமானாலும் அதில் ஒரு அரசாணை இருப்பதாக நம்புகிறவர். "கவர்மெண்டே பிரெட் சுட்ட நாடும்மா இது" என்று ஆரம்பித்தார். 1965-ல் மத்திய அரசு மாடர்ன் பேக்கரீஸ் என்று கம்பெனி வைத்ததையும், கொழும்புத் திட்டத்தில் ஆஸ்திரேலியா உதவியதையும், கடைசியில் 2000-ல் அதை இந்துஸ்தான் லீவருக்கு விற்றதையும் இன்னும் ஆறாத வருத்தத்தோடு சொன்னார். "விக்கிறதுக்கு வேற எதுவுமே கெடைக்கலையா அவனுங்களுக்கு?" அமெரிக்க அரசு இதைவிட மோசம் மாமா, 1943-ல் யுத்தத்தைக் காரணம் காட்டி ஸ்லைஸ் போட்ட பிரெட்டையே தடை பண்ணிவிட்டு, ஜனவரியில் போட்ட தடையை மார்ச்சிலேயே எடுத்துவிட்டார்கள் என்றேன். அவருக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்தது.

கறிக்கடை பாய்தான் இந்த முயற்சியை முதலில் மதித்தவர். கொத்துக்கறி முக்கால் கிலோ என்றதும், "மெஷின்ல விடவா, கையில கொத்தவா?" என்று கேட்டார். கை என்றேன். மெஷினில் போட்டால் கறி கூழாகிவிடும், கையால் கொத்தினால்தான் பல்லுக்கு வேலை இருக்கும். தொடைக்கறியை எடுத்துப் புளியங்கட்டையில் வைத்து, சவ்வை உரித்துப் போட்டார். முதலில் நீளவாக்கில் வகுந்து, அப்புறம் குறுக்கே கொத்தி, கத்தியின் தட்டைப் பக்கத்தால் வழித்துத் திருப்பிப்போட்டு மறுபடி கொத்தினார். பேச்சு ஒரு பக்கம், கத்தி ஒரு பக்கம். விரல் எப்படித் தப்பிக்கிறதோ.

"உருண்டைக்காக்கா?"

"இல்ல பாய், பிரெட்டுக்குள்ள வச்சு ஓவன்ல வேக வைக்க."

கத்தி ஒரு கணம் நின்றது. "அப்பக் கொழுப்பைக் கழிச்சிர்றேன். பிரெட்டு எண்ணெயக் குடிச்சிரும்" என்றார். அந்தச் செய்முறையின் உயிர்நாடியே அதுதான். டல்லாஸ் குறிப்பில் எட்டாவது வரியில் இருந்த விஷயம். கறியில் எண்ணெயோ தண்ணீரோ நின்றால் கிண்ணம் ஊறி அடி கழன்றுவிடும்.

அதனால் குக்கரில் நாலு விசில் விட்டு இறக்கி, சின்ன வெங்காயம், சோம்பு, பட்டை, இஞ்சி பூண்டு எல்லாம் வதங்கிய இரும்புச் சட்டியில் கொட்டி, தண்ணீர் முழுக்க வற்றிக் கறி சுருளும்வரை கிளறினேன். குறிப்பில் கறியின் நடுவில் தெர்மாமீட்டரைச் செருகி 160 பாரன்ஹீட், அதாவது 71 டிகிரி காட்டுகிறதா என்று பார்க்கச் சொல்லியிருந்தது. காரணம் நியாயமானது. முழுத் துண்டுக் கறியில் கிருமி மேலாகத்தான் இருக்கும், சூடு பட்டதும் போய்விடும். கொத்தும்போது மேலே இருந்தது உள்ளே கலந்துவிடுகிறது, அதனால் நடுப்பகுதிவரை வெந்தாக வேண்டும். இதை விளக்கமாக அத்தையிடம் சொன்னேன்.

"காய்ச்சல் இல்லைன்ன, இப்பத் தெர்மாமீட்டர் கேக்குற" என்றார். "நாலு விசிலுக்கு அப்புறம் எந்தக் கிருமிடி உசுரோட இருக்கும்?"

பிரெட் வேலை பிள்ளைகளுக்கு. ஓரத்தை வெட்டி, சப்பாத்திக் கட்டையால் தேய்த்து மெலிதாக்கி, வெளிப்பக்கம் வெண்ணெய் தடவிக் குழிக்குள் அழுத்த வேண்டும். நாலு மூலையும் மேலே தூக்கிக்கொண்டு நிற்கும். அதை வெறுமையாகவே 180 டிகிரியில் எட்டு, பத்து நிமிடம் வைத்தெடுத்தால் மொறுமொறுப்பு பிடித்துக்கொள்ளும், பிறகு கறி வைத்தாலும் தாங்கும். வெட்டிப்போட்ட ஓரங்களை மாமா டீயில் முக்கித் தின்று தீர்த்தார். டாக்டர் குறைக்கச் சொன்ன உப்பில் பிரெட்டின் உப்பு சேராது என்பது அவர் சித்தாந்தம்.

காரம்தான் பெரிய பஞ்சாயத்து. அமெரிக்கக் குறிப்பில் குடும்பத்துக்கு ஏற்றது என்றால் காரம் இல்லாதது என்று அர்த்தமாம். மிளகாய் என்ற சொல்லே அதில் இல்லை. பிள்ளைகளுக்கு அது சரி. கொழுந்தனுக்கு நாக்கில் சுருக்கென்று ஏறாவிட்டால் சாப்பிட்ட மாதிரியே இருக்காது. அத்தைக்குக் காரம் வேண்டும், மிளகாய் வேண்டாம், மிளகு போதும். மாமாவுக்கு உப்புக் குறைவாக. ஓரகத்திக்கு சீஸ் வாசனை ஆகாது. ஆக ஒரே சட்டிக் கறி நாலு சட்டியானது. நிரப்பி சீஸ் தூவியதும் எல்லாக் கிண்ணமும் ஒரே முகம். எது யாருடையது என்று தெரிய வேண்டாமா? காரத்துக்குக் கறிவேப்பிலை, மிளகுக்கு ஒரு முழு மிளகு, மாமாவுக்கு முந்திரி, பிள்ளைகளுக்கு ஒன்றுமில்லை, ஓரகத்தியுடையது சீஸே இல்லாமல் என்று அடையாளம் வைத்தேன். தட்டைப் பார்த்த இவர், "வாக்குச்சீட்டு மாதிரி இருக்கு" என்றார்.

ஓவனுக்கு 15 ஆம்பியர் பிளக் வேண்டும். சமையலறையில் இருப்பது 5. பின்கட்டில் வாஷிங் மெஷின் பக்கத்தில்தான் பெரிய பிளக். ஆகவே ராத்திரிச் சாப்பாடு துணி சோப்புக்கும் உலக்கைக்கும் நடுவில் வெந்தது. அத்தை, மாமா, பிள்ளைகள் எல்லாரும் பிளாஸ்டிக் நாற்காலி போட்டுக் கண்ணாடிக் கதவுக்கு முன்னால் உட்கார்ந்துவிட்டார்கள். சீஸ் உருக உருக வர்ணனை நடந்தது. "கருகுது, கருகுது" என்று அத்தை இரண்டு முறை எழுந்தார். கருகியது கறிவேப்பிலை மட்டும்தான். "பணியாரக் கல்லு சும்மாத்தானே இருக்கு, அதுல வச்சிருந்தா இந்நேரம் தின்னு முடிச்சிருக்கலாம். கரண்டும் மிச்சம்" என்றார். பதில் சொல்ல முடியாத கேள்விகள் அவரிடம் நிறைய உண்டு.

வெளியே வந்தபோது, உள்ளதைச் சொன்னால், அழகாகவே இருந்தது. விளிம்பு பொன்னிறமாக மொறுமொறுவென்று. கடித்தால் முதலில் வெண்ணெய், அப்புறம் சோம்பு மணக்கிற கறி. கொழுந்தன் ஒரு கடி கடித்துவிட்டு, "சிம்மக்கல் கறி தோசையைக் குழியில எறக்கின மாதிரி இருக்கு மதினி" என்றான். மதுரையில் இதற்கு மேல் ஒரு சான்றிதழ் கிடையாது.

பிரச்சினை சுவையில் இல்லை, கணக்கில். எட்டுப் பேர், பன்னிரண்டு கிண்ணம். ஆளுக்கு ஒன்றரை. சட்டியில் கொத்துக்கறி இருக்கும்போது யாரும் எண்ணியதில்லை. கரண்டிதான் கணக்கு, கரண்டிக்குக் கணக்குக் கிடையாது. பிள்ளைக்கு ஒரு கரண்டி கூடப் போகும், எனக்கு அடிச்சட்டி வரும், யாருக்கும் தெரியாது. இட்லியை எண்ணுவோமே என்று கேட்கலாம். அதை எண்ணலாம், ஆனால் தின்கிறவர்தான் எண்ணலாம். பரிமாறுகிறவர் வாய்விட்டு எண்ணினால் அது சண்டைக்கு இழுப்பது. இந்தத் தட்டோ எண்ணிக்கையை நடுக்கூடத்தில் வைத்துக் காட்டுகிறது. போதாததற்கு ஒவ்வொன்றிலும் பெயர் எழுதாத குறையாக அடையாளம்.

ஆளுக்கொன்று போனதும் நாலு மிஞ்சியது. உடனே வீட்டில் நாகரிகம் தலைதூக்கியது. "எனக்கு வேணாம், நீங்க எடுத்துக்கங்க." "எனக்கு வயிறு நெறஞ்சிருச்சு." உள்ளங்கை அளவு பிரெட் தின்று வயிறு நிறைந்ததாகச் சொன்னவன் கொழுந்தன். அவன் வயிறு ஊருக்கே தெரியும். முந்திரி வைத்த இரண்டாவது கிண்ணத்தை மாமா எடுக்கலாமா என்று விவாதம் போய்க்கொண்டிருக்கும்போதே என் மகள் முந்திரியை மட்டும் எடுத்துத் தின்றுவிட்டாள். அடையாளம் போய்விட்டதால் அது பொதுச்சொத்து என்று மகன் தீர்ப்புச் சொல்லி எடுத்துக்கொண்டான். உப்புப் பத்தவில்லை என்று பாதியில் வைத்தான். மிச்சத்தை மாமா தின்றார். டல்லாஸ் வீட்டில் நாத்தனார், அவள் கணவர், ஒரே பிள்ளை. மூன்று பேருக்குப் பன்னிரண்டு என்றால் அது குடும்பத்துக்கு ஏற்றதுதான்.

எல்லாம் முடிந்து தட்டைத் தூக்கப் போகும்போது அத்தை எழுந்து சமையலறைக்குப் போனார். அடுப்பின் பின்வரிசையில் மூடி போட்டு ஒரு பானைச் சோறு, பக்கத்தில் மிளகு ரசம், இரண்டு அப்பளம் பொரித்த எண்ணெய் வாடை. நான் பின்கட்டில் ஓவனைக் காவல் காத்த நேரத்தில் நடந்திருக்கிறது. யாரும் ஒன்றும் கேட்கவில்லை. எட்டுப் பேரும் தட்டை நீட்டினோம். வயிறு நிறைந்த கொழுந்தன் இரண்டாவது தடவையும் நீட்டினான்.

மறுநாள் காலை வாசல் தெளிக்கும்போது பக்கத்து வீட்டு அக்கா அத்தையிடம் விசாரித்தார். "நேத்து ராத்திரி உங்க வீட்டுல கறி வாசம் ஆளத் தூக்குச்சே, என்ன செஞ்சீங்க?"

"மருமக ஏதோ அமெரிக்காப் பலகாரம் செஞ்சா. நல்லாத்தான் இருந்துச்சு" என்றார் அத்தை. "அதைத் தின்னுட்டு, அப்புறம் எல்லாரும் சாப்பிட்டோம்."