பெரியம்மாவுக்கு ஒரு புல்லுக் கடிதம்

ஸ்காபரோ, ரொறன்ரோ
ஆனி மாதம், ஞாயிற்றுக்கிழமை

அன்புள்ள பெரியம்மாவுக்கு,

உங்கள் முழங்கால் நோவு குறையவும், சிவப்பியும் கன்றும் சுகமாயிருக்கவும் பன்றித்தலைச்சி அம்மாளாச்சி துணை.

போன கிழமை போனில் கதைக்கும்போது, "உங்கை வெட்டுற புல்லை எல்லாம் என்னடா செய்யிறியள்?" என்று கேட்டீர்கள். நான் வாய் திறக்க முன்னரே உங்கள் பேத்தி போனைப் பறித்துக்கொண்டு போய்விட்டாள். ஒரு வசனத்தில் சொல்லி முடிகிற விஷயமும் இல்லை அது. அதனால்தான் இந்தக் கடிதம். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஆறுதலாக வாசியுங்கோ.

புல் என்றால் உங்களுக்கு என்ன என்று எனக்குத் தெரியும். உழவாரமும் கடகமும் எடுத்துக்கொண்டு போய், வரம்பில் குந்தியிருந்து செதுக்கி, மண்ணை உதறி, வாய்க்காலில் அலம்பித் தலையில் சுமந்து வருகிற சாமான். வேலிக்கரையில் நின்ற ஒரு கடகம் அறுகுக்காக நீங்களும் பக்கத்து வளவு ஆச்சியும் ஒரு மாரி முழுக்கப் பேசாமல் இருந்ததை நான் மறக்கவில்லை. அப்படிப்பட்ட உங்களுக்கு இங்கத்தைய கதையை எழுதக் கொஞ்சம் கூச்சமாகத்தான் இருக்கிறது.

இங்கே ஒவ்வொரு வீட்டுக்கு முன்னாலும் ஒரு துண்டுப் புல், பின்னால் இன்னொரு துண்டு. கடையில் விதை வாங்கித் தூவி, உரம் போட்டு, கோடையில் தண்ணீரும் பாய்ச்சி வளர்க்கிறார்கள். பெரும்பாலும் கென்டக்கி புளூகிராஸ் என்கிற சாதி. பேரில்தான் கென்டக்கி, ஐரோப்பாவிலிருந்து குடியேறியவர்களோடு வந்து இறங்கிய புல் அது. வந்து இறங்கிய கையோடு ஊரையே தன்னுடையதாக்கிக்கொண்டதில் எங்கள் ஆட்களைவிடக் கெட்டிக்காரப் புல். இதை ஆடு மாடு தின்பதில்லை, ஏனென்றால் ஆடு மாடு இல்லை. ஆட்களும் மிதிப்பதில்லை. சித்திரை முடியப் பெய்கிற மழையில் இது கிடுகிடுவென்று எழும்பும். வைகாசி ஆனியில் கிழமைக்கு ஒருமுறை வெட்டாவிட்டால் அயலட்டைக்கு முகம் கொடுக்க ஏலாது.

அயலட்டை போதாதென்று மாநகரசபையும் இருக்கிறது. புல் 20 சென்டிமீட்டருக்கு மேல் வளர்ந்தால் ரொறன்ரோவில் அது குற்றம். அறிவித்தல் வரும். அதற்கும் அசையாவிட்டால் அவர்களே ஆளனுப்பி வெட்டிவிட்டு, கூலியை வீட்டு வரியோடு சேர்த்து அனுப்புவார்கள். சரி, விடிய எழும்பி வெயிலுக்கு முன்னம் வெட்டுவோம் என்றால் அதுவும் முடியாது. சனி ஞாயிறில் காலை 9 மணிக்கு முன் மெசின் சத்தம் கேட்கக்கூடாது என்று இன்னொரு சட்டம். ஆனபடியால் சரியாக ஒன்பது அடிக்கத் தெருவில் உள்ள எல்லா மெசினும் ஒன்றாகக் குரலெடுக்கும். இங்கே ஞாயிற்றுக்கிழமைப் பூசை மணி அதுதான்.

என்னிடமும் ஒரு பெற்றோல் மெசின் இருக்கிறது. அது வெட்டின புல்லை அடியிலேயே பொடிப்பொடியாக்கி நிலத்தில் விட்டுவிடும். நானும் அதை விட்டபாட்டில் விட்டுக்கொண்டு திரிந்தேன். இந்த வருசம் மச்சான் வந்து பார்த்தார். அவரை உங்களுக்குத் தெரியும்தானே, தெரியாத விஷயத்தில்தான் அவருக்கு உறுதி கூட. "இதென்ன கோலம்? சலூனிலை தலைமயிர் வெட்டிப்போட்டு உதறாமல் எழும்பி வந்த மாதிரிக் கிடக்கு. மெசினோடை ஒரு பை தந்திருப்பாங்களே, அதைப் பூட்டு" என்றார். பை தந்துதான் இருந்தார்கள். கராஜ் மேல்தட்டில், போன மாரிக்கு வாங்கின உப்பு மூட்டைக்குப் பின்னால், பெட்டி உடைக்காமல் கிடந்தது.

பெட்டிக்குள் ஒரு கம்பிச் சட்டம், மடித்து வைத்த கறுப்புத் துணிப்பை ஒன்று, ஆங்கிலத்திலும் பிரெஞ்சிலும் ஒரு புத்தகம். புத்தகத்தில் பாதிக்கு மேல் கையை உள்ளே விடாதே, காலை உள்ளே விடாதே, பிள்ளைகளைக் கிட்ட விடாதே என்பதுதான். மிச்சத்தில் படம் போட்டிருந்தது. சட்டத்தைப் பைக்குள் இறக்க வேண்டும். பிடி மட்டும் வெளியே நிற்க வேண்டும். பிறகு பைவாயைச் சுற்றித் தைத்திருக்கிற பிளாஸ்டிக் பட்டிகளை ஒவ்வொன்றாகக் கம்பியில் அழுத்திக் கொளுவ வேண்டும். படத்தில் ஒரு வெள்ளைக்காரக் கை அதைப் பெருவிரலால் மெல்லமாகத் தொடுகிறது. இங்கே நான் முழங்காலால் மிதித்தும் பட்டி ஏறவில்லை. இடப்பக்கம் ஏற்றினால் வலப்பக்கம் 'டக்' என்று கழன்று விழும். மச்சான் கராஜ் வாசலில் பிளேன்ரீயோடு நின்று, "பலத்தைக் காட்டாதை, பதத்தைக் காட்டு" என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

மகன்தான் புத்தகத்தில் அந்த வரியைக் கண்டுபிடித்தான். பட்டிகள் விறைப்பாக இருந்தால் சில நிமிடம் இளஞ்சூட்டுத் தண்ணீரில் பிடிக்கவும் என்று அச்சடித்தே போட்டிருக்கிறான். நான் பையைக் கொண்டுபோய்க் குசினித் தொட்டியில் சுடுதண்ணீரைத் திறந்து தோய்த்துக்கொண்டு நிற்க, உங்கள் மருமகள் வந்தாள். தொட்டியைப் பார்த்தாள், கறுப்புப் பையைப் பார்த்தாள், என்னையும் பார்த்தாள். "உதென்னப்பா, புதுமாதிரிப் புட்டோ?" என்றாள். நான் புத்தகத்தைக் காட்டினேன். அதை வாங்கி வாசித்துவிட்டு, அடுத்த வரியில் விரலை வைத்துக் காட்டினாள்: பை நனைந்தால் நன்றாகக் காயவிட்ட பிறகே பாவிக்கவும். சுடுதண்ணீரில் வை என்றவனும் அவன்தான், நனைக்காதே என்றவனும் அவன்தான். ஆனால் பட்டிகள் பதமாகிவிட்டன, அதைச் சொல்ல வேண்டும். பெருவிரலால் தொடத் தொட ஏறின. அன்றைக்குப் பை என் சாறத்துக்குப் பக்கத்தில் கொடியில் தொங்கியது. மெசின் கராஜுக்குள் படுத்தது.

காய்ந்த பையை மெசினில் ஏற்றுவது வேறு கலை. முதலில் ஸ்பார்க் பிளக்கில் இருந்து வயரைக் கழற்றிவிட வேண்டும், தற்செயலாகக்கூட இயந்திரம் உயிர்க்கக்கூடாது. பின்பக்கத்தில் சுருள்வில் வைத்த மூடி ஒன்று இருக்கிறது. பை இல்லாத நேரம் கல்லும் தடியும் பாய்ந்து வந்து எங்கள் காலைப் பதம் பார்க்காமல் காப்பது அந்த மூடிதான். அதனால் வில்லும் லேசில் விட்டுக்கொடுக்காது. அதைத் தூக்கிப் பிடித்து, உள்ளே கிடக்கிற அடைப்பை இழுத்தெடுத்து, பையின் இரண்டு கொளுக்கிகளையும் மூடிக்குக் கீழே ஓடுகிற கம்பியில் மாட்ட வேண்டும். பிறகு மூடியை விட்டால் அது வந்து பையின் முதுகில் உட்காரும். மூடிக்கு ஒரு கை, பைக்கு இரண்டு கை. கடவுள் தந்த கணக்கில் ஒன்று குறைகிறது. அந்தக் குறைந்த கை பிளேன்ரீக் கோப்பையைப் பிடித்துக்கொண்டு வாசலில் நின்றது.

பிறகு வயரைத் திரும்பக் கொளுவி, இழுத்து ஸ்டார்ட் பண்ணினேன். பெரியம்மா, அந்தப் பை ஊதி எழும்பின காட்சியை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். அது வெறும் சாக்குப்பை இல்லை. அடியில் சுழல்கிற அலகின் பின் விளிம்பை மேல்நோக்கி வளைத்து வைத்திருக்கிறார்கள். நிமிடத்துக்குக் கிட்டத்தட்ட 3000 சுற்று அது சுற்ற, உள்ளே ஒரு சுழல்காற்று பிறக்கிறது. அந்தக் காற்றுத்தான் படுத்த புல்லை நிமிர்த்திக் கொடுக்கிறது. அலகு வெட்டுகிறது. வெட்டினதை அதே காற்றே தூக்கிக்கொண்டுபோய்ப் பைக்குள் எறிந்துவிட்டுத் துணியின் கண்களால் வெளியேறுகிறது. பைத் துணியில் தூசி அடைத்தால் காற்றுக்கு வழியில்லை. காற்றுக்கு வழியில்லையென்றால் பை பாதிகூட நிரம்பாது. அப்போது பையைக் கழற்றிக் குழாய்த் தண்ணீரால் அடித்துக் கழுவி, திரும்பவும் சாறத்துக்குப் பக்கத்தில். பனி ஈரத்தோடு வெட்டினாலும் புல் களிமாதிரிக் குழைந்து வாயில் அடைத்துவிடும். 9 மணிச் சட்டம் போட்டவர்கள் நித்திரைக்காகப் போட்டிருந்தாலும் புல் காய்வதற்கும் அது உதவுகிறது.

ஒரு நல்ல விஷயம் என்னவென்றால் கைப்பிடியில் உள்ள வளையத்தைக் கைவிட்ட உடனே அலகு நின்றுவிடும். அலகு 3 செக்கனுக்குள் நிற்க வேண்டும் என்று அமெரிக்காக்காரன் 1982இல் விதி போட்டான். வெட்டுவாயில் கையை விட்டு விரலைக் கொடுத்தவர்கள் அவ்வளவு பேர் இருந்திருக்கிறார்கள்.

இந்தப் பை வைக்கிற யோசனை இப்போது வந்ததில்லை என்று மகன் படித்துச் சொன்னான். புல்லு மெசினைக் கண்டுபிடித்தவர் எட்வின் பட்டிங் என்ற ஆங்கிலேயர், 1830இல், குளொஸ்டர்சயரில். அங்கே துணி ஆலைகளில் கம்பளித் துணியின் மேல்மயிரை மழிக்கிற இயந்திரம் ஒன்று இருந்ததாம். துணியை மழிக்கிறது தரையை மழிக்காதோ என்று யோசித்திருக்கிறார். அவருடைய அந்த முதல் மெசினிலேயே வெட்டின புல்லை ஏந்த முன்னால் ஒரு தட்டு இருந்தது. ஆக, வெட்டினால் பொறுக்க வேண்டும் என்கிற வருத்தம் இவர்களுக்குப் பிறவியிலேயே உண்டு.

இனித்தான் உங்கள் கேள்விக்கு வருகிறேன். முன் வளவு முடியமுன்னமே பை நிரம்பிவிட்டது. மெசின் போன பாதையில் புல்லு சிந்தத் தொடங்கினால் பை நிரம்பிவிட்டது என்று அர்த்தம். கழற்றித் தூக்கினேன். பச்சைப் புல்லில் முக்கால்வாசிக்கு மேல் தண்ணீர், பாரம் கையை இழுத்தது. மச்சானிடம், "இதை எங்கை போடுறது?" என்று கேட்டேன். அவர் கோப்பைக்குள் பார்த்தார்.

பெரியம்மா, இந்த நகரத்தில் வெட்டின புல்லை மாநகரசபை எடுக்காது! காய்ந்த இலை எடுப்பான், மரக்கொப்பு எடுப்பான், நத்தார் மரம்கூட வாசலில் வந்து எடுத்துக்கொண்டு போவான். புல் மட்டும் எடுக்கமாட்டான். சமையல் கழிவு போடுகிற பச்சைத் தொட்டிக்குள்ளும் போடக்கூடாது. நிலத்திலேயே விடுங்கள், அதுதான் நிலத்துக்கு உரம் என்று சொல்கிறான். அவன் சொல்வதும் நியாயம்தான். புல் எடுத்த தழைச்சத்தில் ஒரு பங்கு உக்கித் திரும்பவும் மண்ணுக்குப் போகிறது. ஆனால் பை விற்கிற கடைக்காரன் இதைச் சொல்வதில்லை. வளர்க்கச் செலவு, வெட்டச் செலவு, பொறுக்கப் பை. பொறுக்கினதை வாங்க ஒரு சீவன் இல்லை. ஒரு கடகத்துக்காக ஒரு மாரி பேசாமல் இருந்த ஊரிலிருந்து வந்தவன் நான், கைநிறையப் புல்லோடு நடு வளவில் நின்றேன்.

வேலிக்கு அங்கால் இருக்கிற இத்தாலிக்காரக் கிழவர்தான் காப்பாற்றினார். தக்காளிக்குப் பைத்தியமான மனிசன். அத்திமரத்தை மாரிக்கு மண்ணில் சாய்த்துப் புதைத்துவிட்டு வசந்தத்தில் தோண்டி எழுப்புகிறவர். அவர் பையைப் பார்த்தார், கையால் வேலிக்கு மேலால் வாங்கினார், பேசவே இல்லை. புல்லைச் சீமெந்துத் தரையில் பரப்பி வெயிலில் காயவிட்டு, தக்காளி அடியில் மெல்லிசாகப் பரப்பினார். ஈரம் காயாது, களை எழும்பாது. பச்சையாகக் குவித்தால் சூடேறி அவிந்து நாறும் என்று மூக்கைப் பொத்திக் காட்டினார். அடுத்தமுறை பை நிரம்ப, உங்கள் மருமகள் வாசலில் மறித்துவிட்டாள். அவளுக்குப் பின் வளவில் கத்தரியும் மிளகாயும் நிற்கிறது, மட்டுவில் விதை. "வீட்டுக் கத்தரி வெயிலிலை காயுது, நீங்கள் ஊருக்குப் புல்லு குடுக்கிறியளோ?" என்றாள். இப்போது கிழவர் வேலிக்கரையில் என் முகத்தைப் பார்ப்பதில்லை. இங்கேயும் புல்லால் ஒரு சண்டை தொடங்கிவிட்டது என்று நீங்கள் சந்தோசப்படலாம்.

என் முடிவு என்னவென்றால், சாதாரணக் கிழமைகளில் பையைக் கழற்றி அடைப்பைப் போட்டுப் பொடியாகவே விடுவேன். புல்லின் உயரத்தில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் ஒரேயடியாக வெட்டாவிட்டால் பொடி கண்ணுக்கே தெரியாது. மச்சான் என்ன சொன்னாலும் சரி. பை வேண்டியது சில நேரம்தான். வைகாசியில் டான்டிலையன் என்கிற களை மஞ்சளாய்ப் பூத்து வெள்ளைப் பஞ்சாகிற நேரம் ஒன்று. 2009இலிருந்து ஒன்ராறியோவில் அழகுக்காகக் களைநாசினி அடிக்க முடியாது. பஞ்சு பறந்து பரவ முதல் பைக்குள் பிடிக்கிறதுதான் வழி. அந்தப் பையை மட்டும் கத்தரிக்குப் போடமாட்டேன். விடுமுறைக்குப் போய்வந்து புல் முழங்காலைத் தேடுகிற நேரம் இன்னொன்று. மற்றது ஐப்பசியில் மேப்பிள் இலை கொட்டுகிற காலம். குனிந்து கூட்டத் தேவையில்லை, மெசினை ஓட்டினால் இலையை நறுக்கி உறிஞ்சிப் பைக்குள் போட்டுவிடும். அதைக் கடுதாசிப் பையில் கொட்டி வாசலில் வைத்தால் மாநகரசபை மரியாதையாக எடுத்துக்கொண்டு போகும்.

சிவப்பிக்கு இதில் ஒரு மெசின் அனுப்பச் சொல்லித் தம்பி கேட்டதாகவும் சொன்னீர்கள். வேண்டாம். இது வெட்டுகிற புல் பொடி. குவித்து வைத்தால் சில மணித்தியாலத்திலேயே சூடேறிப் புளிக்கத் தொடங்கும், மாட்டுக்கு வயிறு ஊதும். போதாததற்குப் பெற்றோல் வாசம். அவளுக்கு உழவாரத்தால் செதுக்கின அறுகே போதும். தம்பிக்கு முதுகு நோகிறதென்றால் பங்குனித் திங்கள் பொங்கலுக்கு நான் வரும்போது தைலம் கொண்டு வருகிறேன்.

மச்சான் காலையில் போன் பண்ணினார். தன் வளவுக்கும் பை வேணுமாம், இரவல் தரட்டாம். உன் மெசின் வேறு கொம்பனி, கொளுக்கியின் அகலமே பொருந்தாது என்று சொல்லிப் பார்த்தேன். "கம்பியைக் கொஞ்சம் நெளிச்சால் சரி" என்கிறார். இப்போது வாசலில் வான் வந்து நிற்கிற சத்தம் கேட்கிறது. குறடும் கையுமாய்த்தான் இறங்குகிறார். பையை எங்கேயாவது ஒளிக்க வேண்டும், இத்தோடு நிறுத்துகிறேன்.

அன்புள்ள மகன்,
சின்னவன்